நேசிக்கப்படுபவள்: மூன்று ஓடுகளும் ஒரு பெயரும்

பிலோமினா என்கிற பெயரைக் கேள்விப்படாதவர்கள் நம்மில் குறைவு. கத்தோலிக்கர்கள் வாழ்கிற ஊர்ப்பக்கம் போனால் ஒரு பிலோமினா டீச்சர் இருப்பார். பெரியாஸ்பத்திரியில் ஒரு பிலோமினா சிஸ்டர் இருப்பார். கடற்கரையில் மீன்கூடை சுமக்கிற பிலோமினம்மாவும் இருப்பார். பிலோமினாள், பிலோமி, பிலோமிக்கா என்று வாய்க்கு வாய் தேய்ந்து, இது வெளியிலிருந்து வந்த பெயர் என்கிற நினைப்பே போய்விட்டது. 'அது வேதக்காரங்க பேரு' என்று சொல்லிவிட்டு நகர்ந்துவிடுகிறோம். அப்படித்தானா? யார் இந்தப் பெயரை முதலில் சுமந்தது, யார் அதற்கு அர்த்தம் சொன்னது, யார் அதை அழித்தது என்று பிடித்துக்கொண்டு போனால், மரபு என்று நாம் பேசுகிற சங்கதி எப்படித் தயாராகிறது என்பதைக் கொஞ்சம் கிட்டத்திலிருந்து பார்க்கலாம்.

1

பெயர் கிரேக்கம். கிறிஸ்தவத்துக்கு முந்தியது. 'பிலேயோ' என்றால் கிரேக்கத்தில் நேசிக்கிறேன். அதன் செயப்பாட்டு வடிவத்திலிருந்து பிறந்த பெண்பாற் பெயர் 'பிலூமெனே'. நம் இலக்கணத்தில் சொன்னால் வினையாலணையும் பெயர்: நேசிக்கப்படுபவள். லத்தீனில் பிலூமேனா ஆகி, பிறகு பிலோமினா ஆயிற்று. குழந்தைக்குப் பெயர் வைக்க உதவும் புத்தகங்கள் சிலவற்றில் 'வலிமையை விரும்புபவள்' என்று போட்டிருக்கும். அது பிற்பாடு ஒட்டவைத்த பொருள். நாக்கறுக்கப்பட்டுப் பறவையான பிலோமேலாவோடு குழப்பிக்கொள்பவர்களும் உண்டு. அந்தப் பெயர் வேறு, அந்தக் கதையும் வேறு.

நேசிக்கிறவள் என்று வைக்கவில்லை, நேசிக்கப்படுபவள் என்று வைத்தார்கள். இந்த 'படு' இருக்கிறதே, அதை நாம் லேசாக எடுத்துக்கொள்ள முடியாது. அடிபடு, கஷ்டப்படு, பாடுபடு எல்லாவற்றிலும் இருப்பது அதே 'படு'தான். நம்மூரில் ஆம்பிளை கல்யாணம் பண்ணிக்கொள்கிறான், பொம்பிளை வாழ்க்கைப்படுகிறாள். செயப்பாட்டு வினையின் வசதி என்னவென்றால் செய்கிறவனைச் சொல்லாமலே வாக்கியத்தை முடித்துவிடலாம். நேசிக்கப்படுபவள் சரி, யாரால்? அந்த இடம் காலியாக இருக்கிறது. இந்தப் பெயரின் இரண்டாயிரம் வருஷ வரலாற்றை, அந்தக் காலியிடத்தில் யார் யார் வந்து உட்கார்ந்தார்கள் என்கிற வரலாறாக வாசிக்கலாம்.

2

இந்தப் பெயரை ரோம நாடக மேடையில் டெரன்ஸிடம் பார்க்கிறோம். டெரன்ஸ் ஆப்பிரிக்காவிலிருந்து அடிமையாக ரோமுக்குக் கொண்டுவரப்பட்டு விடுதலையானவர் என்று பழைய வாழ்க்கைக் குறிப்பு சொல்கிறது. கிரேக்க நாடகங்களை லத்தீனில் திருப்பி எழுதியவர். கி.மு. 166இல் நடிக்கப்பட்ட 'ஆண்ட்ரியா'வில் கதாநாயகனுக்கு நிச்சயம் செய்யப்பட்ட பெண்ணின் பெயர் பிலூமேனா. அடுத்த வருஷம் முதல் தடவையாக மேடையேறி, பாதியில் நின்றுபோன 'ஹெக்கிரா' (தமிழில் 'மாமியார்' எனலாம்) நாடகத்திலும் இளம் மனைவியின் பெயர் பிலூமேனாதான்.

'மாமியார்' கதையைச் சுருக்கமாகச் சொல்லவேண்டும். பாம்பிலஸ் என்கிற இளைஞன் ஒரு ராத்திரி குடிபோதையில் தெருவில் ஒரு பெண்ணைப் பலாத்காரம் செய்கிறான். அவள் விரலிலிருந்த மோதிரத்தையும் பறித்துக்கொள்கிறான். அதைத் தன் காதலியான பாக்கிஸ் என்கிற கணிகையிடம் கொடுத்துவிடுகிறான். பிறகு அப்பா வற்புறுத்தலில் பிலூமேனாவைக் கட்டிக்கொள்கிறான். அவளைத் தொடாமல் வைத்திருக்கிறான். அவள் கர்ப்பம். தாய்வீட்டுக்குப் போய் ஒளிகிறாள். குழந்தை பிறக்கிறது. 'யாருடைய பிள்ளை?' என்று இவன் ரோஷப்படுகிறான். கடைசியில் பாக்கிஸின் விரலில் இருக்கும் மோதிரத்தை பிலூமேனாவின் தாய் அடையாளம் கண்டுகொள்ள, அன்றைக்கு இருட்டில் சிக்கியவள் இவள்தான் என்று தெரிகிறது. பலாத்காரம் செய்தவனே புருஷன் என்றாகிவிட்டதால் எல்லாம் சுபம். நாடகம் இன்பியல் நாடகம், கவனிக்கவும்.

இத்தனைக்கும் பிலூமேனா ஒரு காட்சியில்கூட மேடைக்கு வருவதில்லை. 'ஆண்ட்ரியா'வின் பிலூமேனாவும் வருவதில்லை. மாமியார் பேசுகிறாள், தாய் பேசுகிறாள், கணிகை பேசுகிறாள், இரண்டு வீட்டு அப்பன்களும் சளைக்காமல் பேசுகிறார்கள். இவளைச் சுற்றித்தான் கதையே நடக்கிறது, ஆனால் இவள் கதவுக்குப் பின்னால் இருக்கிறாள். நேசிக்கப்படுபவள் என்று பெயர் வைத்துவிட்டு அவளைப் பிரதியின் நடுவில் ஒரு மௌனமாக வைத்திருக்கிறார்கள்.

3

பேசிய பிலூமேனே ஒருத்தியும் இருந்தாள். கி.பி. இரண்டாம் நூற்றாண்டு. திருச்சபை தன் கோட்பாட்டையும் தன் வேதநூல் பட்டியலையும் கெட்டிப்படுத்திக்கொண்டிருந்த காலம். யூத வேதத்தின் கடவுளை ஏற்க மறுத்த மார்சியோனின் சீடர்களில் அப்பெல்லெஸ் என்று ஒருவர். குருவிடமிருந்து பிரிந்து தனிப்பாதை போனவர். அவரோடு இருந்தவள் பிலூமேனே என்கிற கன்னிகை. தீர்க்கதரிசி. அவள் கண்டு சொன்னவற்றை அப்பெல்லெஸ் 'வெளிப்பாடுகள்' என்று நூலாக எழுதிவைத்தார். படித்த ஆண் குரு, ஒரு பெண் சொல்லச் சொல்ல எழுதிக்கொள்கிறார் என்பதை நினைத்துப் பாருங்கள்.

அந்த நூல் நமக்குக் கிடைக்கவில்லை. கிடைத்திருப்பதெல்லாம் எதிராளிகள் எழுதியது. அவளிடம் ஏமாற்றுகிற தூதன் புகுந்துகொண்டான் என்றும், பின்னால் அவள் பெரிய விபசாரியாகிப் போனாள் என்றும் தெர்த்துல்லியன் எழுதினார். வாதத்தில் பெண்ணை எதிர்கொள்ள முடியாதபோது அவள் நடத்தையைப் பேசுவது அன்றைக்கே கைவந்த கலையாக இருந்திருக்கிறது. பேசிய பிலூமேனேயின் வார்த்தைகள் போய்விட்டன, அவள்மேல் எறிந்த வசவு மட்டும் பத்திரமாக இருக்கிறது. ஆவணக் காப்பகம் என்பது யாருடைய காப்பகம் என்று நாம் ஓயாமல் கேட்டுக்கொண்டிருப்பது இதனால்தான்.

4

இப்போது 1802க்கு வரலாம். ரோமில் சலாரியா சாலையில் பிரிசில்லாவின் நிலவறைக் கல்லறைகள். அங்கே மே மாதம் 25ஆம் தேதி ஒரு குழியைத் திறந்தார்கள். உள்ளே பதின்மூன்று, பதினான்கு வயதுப் பெண்ணின் எலும்புகள். ஒரு கண்ணாடிக் குப்பியின் மிச்சம். குழியின் வாயை மூன்று சுட்டமண் ஓடுகளால் அடைத்திருந்தார்கள். ஓடுகளில் நங்கூரம், அம்பு, குருத்தோலை ஆகிய படங்கள். கூடவே எழுத்து. முதல் ஓட்டில் 'லூமேனா', இரண்டாவதில் 'பாக்ஸ் தே', மூன்றாவதில் 'கும் ஃபி'. அப்படியே வாசித்தால் ஒன்றும் புரியாது. முதல் ஓட்டைத் தூக்கிக் கடைசியில் போட்டுப் பார்த்தார்கள். 'பாக்ஸ் தேகும் ஃபிலூமேனா' என்று வந்தது. உனக்குச் சமாதானம், பிலூமேனா.

வாக்கியம் கிடைத்தது, பெயர் கிடைத்தது. குருத்தோலை வேதசாட்சியின் அடையாளம், குப்பியில் இருப்பது ரத்தம் என்று அன்றைக்கு வழக்கமாக நம்பினார்கள். எனவே இவள் வேதசாட்சி. நேப்பிள்ஸ் பக்கம் முஞ்ஞானோ என்கிற சிற்றூரின் குரு பிரான்செஸ்கோ தெ லூச்சியா தன் பீடத்துக்கு ஒரு வேதசாட்சியின் உடலைத் தேடி ரோமுக்கு வந்தார். பெயர் தெரிந்த உடல்தான் வேண்டும் என்றார். பெயரில்லாத எலும்புகள் நிறையக் கிடைத்த காலம். பெயருள்ள எலும்புக்குத்தான் மவுசு. அலைந்து திரிந்து வாங்கினார். 1805 ஆகஸ்ட் 10 அன்று பிலூமேனா முஞ்ஞானோ போய்ச் சேர்ந்தாள். புதுமைகள் நடந்தன, கூட்டம் சேர்ந்தது.

நூறு வருஷம் கழித்து, 1900களின் தொடக்கத்தில், ஒராத்ஸியோ மருக்கி என்கிற தொல்லியலாளர் அந்த ஓடுகளைத் திரும்ப எடுத்துப் பார்த்தார். அவர் வாதம் இது. எழுத்தின் பாணி பழையது, புதைத்த காலம் அதற்குப் பிந்தியது. நிலவறையில் பழைய குழிகளின் ஓடுகளை எடுத்துப் புதுக் குழிக்குப் பயன்படுத்துவதுண்டு. அப்படிச் செய்யும்போது, ஓட்டிலுள்ள பெயர் உள்ளே கிடப்பவருடையது இல்லை என்று காட்ட, வேண்டுமென்றே வரிசையை மாற்றி வைப்பார்கள். குப்பியும் குருத்தோலையும் வேதசாட்சிக்கு நிரூபணம் ஆகாது என்று தொல்லியல் ஏற்கெனவே வந்து சேர்ந்திருந்தது. மருக்கியை மறுத்தவர்களும் உண்டு. அவசரத்தில் வைத்திருப்பார்கள், குழிவெட்டியவர் எழுத்தறியாதவராக இருந்திருப்பார் என்றார்கள்.

இந்தச் சண்டையில் எனக்கு முக்கியமாகப் படுகிற ஆள் அந்தக் குழிவெட்டியவர்தான். ஒழுங்கு கலைந்திருக்கிறதா, அப்படியானால் வேலைசெய்தவனுக்கு எழுதப்படிக்கத் தெரியாது. படித்தவர்கள் புத்தி நேரே அங்கேதான் போகிறது. மயானத்தில் வேலைசெய்கிறவர்களை வெட்டியான் என்று ஒதுக்கிவைத்துவிட்டு அவர்களுக்கென்று ஒரு அறிவு உண்டா என்று யோசித்துப் பார்க்காத நமக்கும் இது பழக்கமான புத்திதான். மருக்கியின் வாசிப்பில் அந்த மனிதர் அறியாமல் எதையும் செய்யவில்லை. அடுத்தவள் பெயரை இந்தப் பிணத்தின்மேல் ஏற்றக் கூடாது என்கிற கவனத்தோடு ஓடுகளை இடம் மாற்றியிருக்கிறார். இவள் அவள் இல்லை என்று, எழுத்தைக் கலைத்தே எழுதியிருக்கிறார். 1802இல் வந்த படித்தவர்கள் அதைப் பிழை என்று நினைத்துத் திருத்தினார்கள். திருத்திய இடத்திலிருந்துதான் மரபு தொடங்குகிறது.

மருக்கி சொல்வது சரியென்றால் நம் முன்னால் இரண்டு பெண்கள் இருக்கிறார்கள். ஒருத்திக்குப் பெயர் உண்டு, உடல் எங்கே என்று தெரியாது. இன்னொருத்திக்கு உடல் உண்டு, பெயர் தெரியாது. இருவரையும் ஒட்டவைத்து ஒரு புனிதை.

5

ஒட்டவைத்தவளுக்கு வாழ்க்கை வேண்டாமா? 1833இல் நேப்பிள்ஸில் மரிய லூயிசா தெ ஜேசு என்கிற கன்னியாஸ்திரி, பிலோமினாவே தன்னிடம் பேசியதாகச் சொன்னார். பிலோமினா கிரேக்க தேசத்து ராஜகுமாரி. பதின்மூன்று வயதில் கன்னிமை விரதம். பேரரசன் தியோக்ளேசியன் அவளைக் கட்டிக்கொள்ள ஆசைப்படுகிறான். முடியாது என்கிறாள். சாட்டையடி, கழுத்தில் நங்கூரம் கட்டி ஆற்றில் தள்ளுதல், அம்பு, கடைசியில் தலைவெட்டு. கல்லறைகளில் நம்பிக்கையின் குறியாகப் பரவலாகக் காணப்படும் நங்கூரம் இங்கே கொலைக்கருவியாகிவிட்டது. அவள் இறந்த நாளும் ஆகஸ்ட் 10 என்று வந்தது. அதே வருஷம் டிசம்பரில் ரோம் இதை அச்சிட அனுமதித்தது. 1837இல் பதினாறாம் கிரகோரியார் திருநாள் கொண்டாடவும் அனுமதித்தார்.

பெயருக்கும் புது அர்த்தம் வந்தது. 'பிலியா லூமினிஸ்', அதாவது லத்தீனில் ஒளியின் மகள். கிரேக்க ராஜகுமாரியின் பெயருக்கு லத்தீனில் ஏன் அர்த்தம் தேடினார்கள் என்று கேட்கக் கூடாது. அந்த அர்த்தத்தில் 'படு' கழன்றுவிட்டது, தகப்பன் வந்து சேர்ந்துவிட்டான்.

ராஜகுமாரி என்பதைத்தான் கொஞ்சம் நின்று பார்க்கவேண்டும். ரோமில் கிரேக்கப் பெயர் வைத்திருந்தவர்களில் கிழக்கிலிருந்து வந்து குடியேறியவர்களும் இருந்தார்கள். ஆனால் பெருந்தொகையினர் அடிமைகள், விடுதலைபெற்ற அடிமைகள், அவர்களின் பிள்ளைகள். சந்தையில் வாங்கிய பெண்ணுக்கு எஜமான் ஒரு கிரேக்கப் பெயர் வைப்பான். 'நேசிக்கப்படுபவள்' என்று ஓர் எஜமான் வைத்தால் அதற்கு என்ன பொருள் என்று நான் விளக்க வேண்டியதில்லை. அந்த ஓட்டில் பெயர் எழுதப்பட்டவள் அடிமையா, அடிமையின் மகளா, சுதந்திரமானவளா என்று ஓடு சொல்லாது. ஆனால் அரண்மனையைவிட அடுக்களைப் பக்கம்தான் சாத்தியம் அதிகம். அந்தச் சாத்தியத்தை மூடிவிட்டுக் கிரீடம் வைத்தது 19ஆம் நூற்றாண்டுச் சொல்லாடல்.

ஏன் கிரீடம்? பிரெஞ்சுப் புரட்சியிலும் நெப்போலியனிடமும் அடிவாங்கிய திருச்சபை அது. நெப்போலியன் போப்பாண்டவரையே 1809லிருந்து 1814வரை சிறையில் வைத்திருந்தான். பேரரசனுக்கு 'முடியாது' என்று சொல்லும் ஒரு சின்னப் பெண் அந்தத் திருச்சபைக்கு எவ்வளவு தேவைப்பட்டிருப்பாள்! ஆனால் அந்த 'முடியாது' கன்னிமைக்காக மட்டும் சொல்லப்பட வேண்டும். வேறு எதற்காகவும் பெண் 'முடியாது' சொல்ல இந்தக் கதையில் இடமில்லை. கலகமும் அடக்கமும் ஒரே உடம்பில். இருந்தாலும் இதைச் சொன்னதும் ஒரு பெண்தான் என்பதை மறக்கக் கூடாது. மடத்துச் சுவருக்குள் இருந்தவளுக்கு, பதின்மூன்று வயசுப் பெண் ராஜாவை எதிர்த்துப் பேசுவதாக ஒரு கதை சொல்ல வாய்த்திருக்கிறது.

6

நம்மூருக்கு எப்படி வந்தாள்? லியோனில் பட்டுத் தறிக்காரப் பெண்கள் மத்தியில் வேலைசெய்த பொலின் ஜாரிக்கோ, 1822இல் மறைபரப்பு நிதிக்காக ஒரு சங்கம் ஆரம்பித்தார். ஏழைகள் வாரம் ஒரு சல்லிக்காசு போடவேண்டும். அந்தக் காசு கடல்கடந்து மிஷன்களுக்குப் போயிற்று. இதே ஜாரிக்கோ 1835இல் முஞ்ஞானோ போய் பிலோமினாவின் பீடத்தில் குணமானதாக அறிவித்தார். ஆர்ஸ் ஊர்ப் பங்குச்சாமியார் ஜான் மரிய வியான்னி, தன்னிடம் நடந்த புதுமைகளையெல்லாம் பிலோமினா கணக்கில் எழுதினார். பிரான்சில் இந்தப் பக்தி உச்சத்தில் இருந்தபோதுதான் பிரெஞ்சுச் சாமியார்கள் புதுச்சேரி மிஷனை நடத்தினார்கள். பிரெஞ்சு ஏசுசபையினர் 1838இல் மதுரை மிஷனுக்குத் திரும்பினார்கள். பெயர் வந்த வழியை ரொம்பத் தூரம் தேட வேண்டியதில்லை. பக்கத்தில் மைசூரில் 1933இல் மகாராஜா அடிக்கல் நாட்டிய பெருங்கோயிலும் அவள் பெயரில்தான் அறியப்படுகிறது.

இங்கே ஞானஸ்நானப் பதிவேட்டில் பிலோமினாள் என்று எழுதப்பட்டவர்களில் எத்தனையோ பேர், ஆண்டை வீட்டு வாசலில் 'ஏ புள்ள', 'அடியே' என்று மட்டும் கூப்பிடப்பட்டவர்கள். நல்ல பெயர் வைத்துக்கொள்ளவே ஒடுக்கப்பட்ட சாதிக்காரர்களுக்கு உரிமையில்லாதிருந்த ஊர்கள் நம்முடையவை. அங்கே நேசிக்கப்படுபவள் என்று ஒரு பெயர் கிடைப்பது சின்ன விஷயமில்லை. பெயரைக் கொடுத்த அதே கோயிலில் உட்கார இடம் தனி, புதைக்கக் கல்லறையும் தனி என்று இருந்தது வேறு. குழிக்குள்ளேயும் வரிசை மாறாமல் பார்த்துக்கொண்டார்கள்.

1961 பிப்ரவரி 14 அன்று வத்திக்கான், பிலோமினாவின் திருநாளை எல்லா வழிபாட்டு நாட்காட்டிகளிலிருந்தும் நீக்கச் சொன்னது. வரலாற்று ஆதாரம் இல்லை என்பது காரணம். அறிவுபூர்வமாகச் சரி. ஆனால் 1802இல் ஓட்டைத் திருப்பிவைத்ததும், 1837இல் திருநாள் தந்ததும், 1961இல் எடுத்ததும் ஒரே அதிகாரம்தான். மூன்று தடவையும் பிலோமினாக்களை யாரும் கேட்கவில்லை. ஒருநாள் காலையில் உலகம் முழுக்க லட்சக்கணக்கான பெண்களின் பெயருக்குத் திருநாள் இல்லாமல் போயிற்று. 'உன் பேர்ல புனிதையே இல்லையாமே' என்று சிரித்த பகுத்தறிவுச் சிரிப்பிலும் அதே மேட்டிமைதான் தெரிகிறது. பெயர் மட்டும் போகவில்லை. பாட்டியின் பெயரைப் பேத்திக்கு வைத்தார்கள். அது நாட்காட்டியைப் பார்த்து வைத்த பெயரில்லை, பாட்டியைப் பார்த்து வைத்த பெயர்.

7

இதே பக்தி அயர்லாந்துக்கும் போயிற்று. அங்கே ஒரு பிலோமினா. முழுப்பெயர் பிலோமினா லீ, 1933இல் பிறந்தவர். கல்யாணமாகாமல் கர்ப்பமானதால் ராஸ்கிரே ஊரில் கன்னியர் நடத்திய இல்லத்தில் அடைக்கப்பட்டார். அப்படிப்பட்ட இல்லங்களில் பெண்களின் சொந்தப் பெயரை எடுத்துவிட்டு வேறு பெயர் வைப்பது வழக்கம். 1952இல் மகன் பிறந்தான். 1955இல் அவனை அமெரிக்காவுக்குத் தத்துக் கொடுத்துவிட்டார்கள். அம்மா பிள்ளையைத் தேடினார், பிள்ளை அம்மாவைத் தேடினான். இருவருக்கும் ஒன்றும் சொல்லப்படவில்லை. 1995இல் அவன் இறந்து, அவன் விருப்பப்படி அந்த இல்லத்து மண்ணிலேயே புதைக்கப்பட்டான். பின்னால் பிலோமினா லீ வாயைத் திறந்தார். 2009இல் புத்தகம் வந்தது, 2013இல் சினிமா வந்தது. தத்துக் கொடுத்த பிள்ளைகளின் பதிவேடுகளைத் திறக்கச் சொல்லி அவர் போராடினார்.

டெரன்ஸின் பிலூமேனா கதவுக்குப் பின்னாலேயே நின்றாள். அப்பெல்லெஸோடு இருந்தவள் பேசியதை அழித்தார்கள். நிலவறைப் பெண்ணின் வாயில் வேறொருவர் கதையை வைத்தார்கள். ராஸ்கிரேயிலிருந்து வந்தவர் கேட்டது கௌரவமான கதையை அல்ல. பதிவேட்டைக் காட்டு என்றுதான் கேட்டார்.

நாமும் இப்போது மரபு தேடுகிற மும்முரத்தில் இருக்கிறோம். சாதி தோறும், ஊர் தோறும் ஓடுகளைத் தோண்டி எடுத்து, நமக்கு வேண்டிய வாக்கியம் வருகிறவரை வரிசை மாற்றுகிறோம். எல்லோருக்கும் ராஜவம்சம் வேண்டியிருக்கிறது, அடிமையின் பேத்தி என்று சொல்லிக்கொள்ள ஆளில்லை. அந்தக் குழிவெட்டியவரிடம் கற்றுக்கொள்ள வேண்டியது இங்கேதான் இருக்கிறது. அவரிடம் ஓடு இருந்தது, ஓட்டில் அழகான பெயரும் இருந்தது. உள்ளே கிடத்தியிருந்த பதின்மூன்று வயசுப் பிள்ளைக்கு அதைச் சூட்டிவிட்டுப் போயிருக்கலாம், யாரும் கேட்டிருக்க மாட்டார்கள். அவர் ஓடுகளை மாற்றிவைத்து, சுண்ணாம்பு பூசிவிட்டுப் போனார். அந்தப் பிள்ளைக்கு இன்றைக்கும் பெயரில்லை.